பொன்னை நிறுத்த வேலிக்கொடி

கடலூர், சிதம்பரம் ஆகிய இரண்டு ஊர்களும் தங்கள் பழம்பெயர்களை மரங்களால் பெற்றவை என்பதை, அவ்வூர்களில் பிறந்து வளர்ந்தவர்களும் பல சமயங்களில் மறந்துவிடுகிறோம். கடலூரின் தொன்மையான பகுதியாகிய திருப்பாதிரிப்புலியூர் பாதிரி மரத்தின் பெயரைத் தாங்கி நிற்பது. சிதம்பரத்துக்குத் தில்லை என்னும் திருநாமம், பிச்சாவரத்து உப்பங்கழிகளில் இன்றும் தழைத்து நிற்பதும், ஒடித்தால் கண்ணைக் கெடுக்கும் பால் வடிவதுமாகிய தில்லை மரத்தால் வந்தது. மரம் ஊருக்குப் பெயர் தந்த செய்தி பலருக்கும் தெரியும். ஆனால் இதே பிரதேசத்து வேலியோரங்களில் முள்ளும் சிக்குமாகப் படர்ந்து கிடந்த ஒரு கொடி, கோயில்களில் குவிந்த பொன்னை நிறுப்பதற்குரிய அளவைக்கே தன் பெயரைத் தந்தது என்பதை அறிந்தவர் மிகச் சிலர். அக்கொடி கழற்சி, அதன் காய்க்குக் கழஞ்சு என்றும் பெயர்.

அவரையும் துவரையும் உளுந்தும் எந்தக் குடும்பத்தைச் சேர்ந்தவையோ அந்தக் குடும்பத்தையே சேர்ந்தது கழற்சியும். ஆயினும் அவரைப்பூவைப் போல வண்ணத்துப்பூச்சி வடிவம் இதன் பூவுக்கு இல்லை. நீண்ட கதிராக, மஞ்சள் நிறத்தில், ஏறக்குறைய ஒத்த இதழ்களோடு, கொன்றைப்பூவின் சிறிய உறவினரைப் போலப் பூக்கும். இலையோ இரட்டைச் சிறகாகப் பிரிந்து, ஒரு முழத்துக்கும் மேல் நீளும். அதன் நடுக்காம்பின் அடிப்புறத்தில் கீழ்நோக்கி வளைந்த கொக்கி முட்கள் வரிசையாக இருக்கும். இந்த முட்களைப் பற்றுக்கோடாகக் கொண்டுதான் கழற்சி மேலே ஏறுகிறது. பாகலைப் போலச் சுருள்கம்பி விடுவதில்லை. குன்றியைப் போலத் தண்டைச் சுற்றிக்கொள்வதும் இல்லை. எதிர்ப்பட்டதைக் கொக்கியால் மாட்டி இழுத்து அதன்மேல் சாய்ந்துகொண்டு ஏறும். வேட்டியோ சேலையோ ஒருமுறை இதில் மாட்டிக்கொண்டால், முன்னே இழுக்க இழுக்க முள் இன்னும் ஆழமாக இறங்குமேயன்றி விடாது. ஓரடி பின்வாங்கித்தான் துணியை எடுக்க வேண்டும்.

நெற்றைப் பற்றித் தனியே சொல்ல வேண்டும். இரண்டு விரற்கிடை அகலமுள்ள, தட்டையான, கம்பி போன்ற முட்கள் மேலெல்லாம் நெருக்கமாக மூடிய ஒரு பெட்டி அது. முற்றிக் காய்ந்தபின் அது வெடித்துத் தெறிப்பதில்லை; சிப்பி வாய் திறப்பதைப் போல மெல்லத் திறந்து, செடியிலேயே நின்றுவிடுகிறது. திறந்த வாய்க்குள் ஒன்றோ இரண்டோ விதைகள், ஈயத்தை உருக்கி வார்த்தாற்போன்ற சாம்பல் நிறத்தில், வழவழவென்று மின்னிக்கொண்டிருக்கும். ஒரு விதையை எடுத்து வெளிச்சத்தில் பிடித்துப் பார்த்தால், மேற்பரப்பில் மயிரிழையினும் மெல்லிய கோடுகள், ஒன்றைச் சுற்றி ஒன்றாக, வட்டம் வட்டமாக ஓடுவது புலப்படும். தச்சன் கடைசல் பிடித்த மணியில்கூட இத்தகைய நுட்பத்தை நான் கண்டதில்லை.

வழவழப்பும் உறுதியும் உருண்டை வடிவும் ஒருங்கே அமைந்த இந்த விதையை நம் முன்னோர் முதலில் விளையாட்டுக்குத்தான் எடுத்துக்கொண்டனர் என்று நினைக்கிறேன். கழங்கு என்று சங்கப் பாடல்கள் கூறுவது இந்தக் காய்களை வைத்து மகளிர் ஆடிய ஆட்டத்தையே. அதே கழங்கு, தலைவியின் நோய்க்குக் காரணம் காண விரும்பிய தாயர் அழைத்த வேலனின் கையில் குறிபார்க்கும் கருவியாகவும் இருந்தது. பெரும்பாணாற்றுப்படை ஒரு கடற்கரைப் பட்டினத்தை வருணிக்கும்போது, அவ்வூர்ச் செல்வ மகளிர் மணலில் பொன்னாற் செய்த கழங்குகளைக் கொண்டு ஆடியதாகக் கூறுகிறது. காய்க்கும் பொன்னுக்கும் உள்ள சம்பந்தம் அவ்வளவு பழமையானது. திருநெல்வேலிப் பக்கத்துப் பிள்ளைகள் கண்ணாடிக் கோலிக்குண்டையும் கழச்சிக்காய் என்றே சொல்லி வந்தார்கள். பொருள் மாறிய பின்பும் பெயர் மாறவில்லை. ஆங்கிலத்தில் இக்காய்க்கு வழங்கும் நிக்கர் என்னும் பெயரும் கோலிக்குண்டைக் குறிக்கும் டச்சுச் சொல்லோடு தொடர்புடையதாகக் கருதப்படுகிறது. மேற்கிந்தியத் தீவுகளில் ஒன்றாகிய ஆன்டிகுவாவில், நம் பல்லாங்குழியை ஒத்த வாரி என்னும் ஆட்டத்தை இந்தக் காய்களைக் கொண்டே இன்றும் ஆடுகிறார்கள். ஒரு விதையைக் கண்ட மாத்திரத்தில் உலகின் இரு கோடிகளிலும் இருந்த பிள்ளைகளுக்கு ஒரே எண்ணம் தோன்றியிருக்கிறது.

இனி அளவைக்கு வருவோம். சோழர் காலத்துக் கல்வெட்டுகளில் பொன்னின் நிறையைக் குறிக்கும் வாய்பாடு எளியது: 2 குன்றி கொண்டது 1 மஞ்சாடி; 20 மஞ்சாடி கொண்டது 1 கழஞ்சு. இம்மூன்று பெயர்களும் மூன்று விதைகளின் பெயர்கள் என்பதும், அம்மூன்றும் ஒரே தாவரக் குடும்பத்தைச் சேர்ந்தவை என்பதும் என்னை நெடுநாள் வியப்பில் ஆழ்த்திய விஷயங்கள். குன்றி ஒரு மெல்லிய கொடி. சிவந்த உடலும் கரிய மூக்குமாக இருக்கும் அதன் மணியைத் திருக்குறளே உவமையாக எடுத்துக்கொண்டிருக்கிறது. மஞ்சாடி ஓங்கி வளரும் மரம். அதன் விதை முழுச் சிவப்பு. கழற்சி முட்கொடி. 2017-இல் உலகத் தாவரவியலறிஞர்கள் கூடி இக்குடும்பத்தை ஆறு உட்குடும்பங்களாகத் திருத்தி வகுத்தபோது, மஞ்சாடி மரமும் கழற்சிக்கொடியும் ஒரே உட்குடும்பத்துக்குள் வந்தன. குன்றி அவரையோடும் பயற்றோடும் வேறோர் உட்குடும்பத்தில் நின்றது. அறிவியலார் நுண்ணோக்கியாலும் மரபணுவாலும் கண்ட உறவை நம் தட்டார்கள் அறிந்திருந்தார்கள் என்று நான் கூற வரவில்லை. ஆனால் காய்ந்தபின் ஈரத்தை உள்ளே விடாத, ஆண்டுக்கணக்கில் எடை மாறாத கடினமான தோல் இக்குடும்பத்து விதைகள் பலவற்றின் விசேஷ குணம். எடைக்கல்லாக இருக்கத்தக்க விதையைத் தேடி அலைந்த கைகள் இந்தக் குடும்பத்தில் வந்து நின்றது தற்செயல் அன்று.

தஞ்சைப் பெரிய கோயிலுக்கு முதலாம் இராசராசனும் அவன் தமக்கை குந்தவையும் அளித்த பொன்னின் கணக்கு அக்கோயிற் சுவர்களில் கழஞ்சு, மஞ்சாடி, குன்றி என்று இம்மி பிசகாமல் வெட்டப்பட்டிருக்கிறது. அங்கே பொன்னை நிறுத்த எடைக்கல்லுக்கு ஒரு பெயர் உண்டு, அப்பெயர் ஆடவல்லான். மணிகள் பதித்த நகைகளை நிறுத்த கல்லுக்குத் தட்சிணமேருவிடங்கன் என்று பெயர். ஆடவல்லான் என்பது தில்லைக் கூத்தனின் திருநாமம் என்பதைச் சொல்ல வேண்டியதில்லை. சிதம்பரத்துச் சிற்சபைக்குப் பொன்வேய்ந்த புகழ் முதலாம் பராந்தகனுக்கு உரியது. அவன் ஆண்ட காலம் 907 முதல் 955 வரை. தில்லையின் இறைவனுடைய பெயர் தாங்கிய கல், வேலிக்கொடியின் பெயர் தாங்கிய அளவையால் பொன்னை நிறுத்த அந்த ஏற்பாட்டில், நம் நாட்டு நாகரிகத்தின் ஒரு முழுச் சித்திரம் அடங்கியிருப்பதாக எனக்குத் தோன்றுகிறது. உயர்ந்த இடத்துப் பொருளை அளப்பதற்குத் தாழ்ந்த இடத்துப் பொருளை எடுத்தார்கள், எடுத்ததை மறைக்கவும் இல்லை, பெயரிலேயே வைத்தார்கள்.

இங்கே ஒரு சந்தேகம் எழுகிறது. ஆராய்ச்சிக்குச் சுவை தருவதும் அதுவே. சென்னைப் பல்கலைக்கழகத்துத் தமிழ் லெக்சிகன் கழஞ்சு என்பதற்குக் கழற்சிக்காய் என்று ஒரு பொருளும், ட்ராய் அவுன்சில் ஆறிலொரு பங்கு நிறை என்று மற்றொரு பொருளும் தருகிறது. அந்த நிறை ஏறக்குறைய 5.18 கிராம் ஆகும். குன்றிமணி ஒன்றின் எடை ஏறக்குறைய 0.12 கிராம், 40 குன்றி 4.8 கிராமுக்குச் சற்று மேலோ கீழோ வரும். மஞ்சாடி விதை கால் கிராம் அளவில் இருப்பது. 20 மஞ்சாடி 5 கிராம் ஆகிறது. ஆகவே இரண்டு சிறு விதைகளும் தம்முள் ஒத்து, லெக்சிகன் சொல்லும் கழஞ்சையும் நெருங்கி நிற்கின்றன. ஆனால் அந்த நிறைக்குப் பெயர் தந்த கழற்சிக்காயை எடுத்து நிறுத்தால்?

நிறுத்துப் பார்த்தேன். சிதம்பரத்தில் எனக்குப் பழக்கமான முதிய பத்தர் ஒருவரின் பட்டறை, அகலத்தில் ஒரு பாய் விரிக்கும் இடம். உமிச்சட்டியும் ஊதுகுழலும் ஒரு மூலையில் கிடக்க, அவர் முன்னால் மின்தராசு ஒன்று சிவப்பு எண்களைக் காட்டிக்கொண்டிருந்தது. மடியிலிருந்த காய்களை எடுத்து வைத்து, "ஐயா, இதைக் கொஞ்சம் நிறுத்துச் சொல்லுங்கள்" என்றேன். அவர் காயைப் புரட்டிப் பார்த்துவிட்டுச் சிரித்தார். "கழச்சிக்காயாச்சே! இதை எங்கே புடிச்சீங்க? இப்பல்லாம் கண்ணுலயே படறதில்லையே" என்றார். ஒவ்வொன்றாக வைத்தோம். ஒரு காயும் 3 கிராமைத் தொடவில்லை. பெரும்பாலானவை 2 கிராமுக்குச் சற்று மேல் நின்றன. இரண்டு காய்களைச் சேர்த்து வைத்தபோதுதான் 5 கிராமை நெருங்கியது. "எங்க தாத்தா குந்துமணி வச்சி நிறுத்ததை நான் பாத்திருக்கேனுங்க. கழஞ்செல்லாம் கோயில் கல்லுலதான் இருக்கு" என்று சொல்லி, மரத்தாலான பழைய தராசுப் பெட்டியைத் திறந்து காட்டினார். அதன் ஒரு சிறு குழியில் பித்தளைப் படிகளோடு நான்கைந்து குன்றிமணிகளும் கிடந்தன. அவற்றின் சிவப்பு இன்னும் மங்கவில்லை.

காயின் எடை குறைவாக இருப்பதற்கு நம் காலத்துக் கொடி மெலிந்ததுதான் காரணம் என்று சொல்லிவிட முடியாது. நீரில் மிதக்கும் ஒரு பொருளின் எடை, அதே பருமனுள்ள நீரின் எடையை விடக் குறைவாகவே இருத்தல் வேண்டும். கழற்சிக்காய் மிதக்கும் இயல்புடையது. அதன் குறுக்களவு ஒன்றரை முதல் இரண்டு செண்டிமீட்டர். இந்தப் பருமனில் ஒரு காய் 5 கிராம் எடையைத் தாங்கிக்கொண்டு மிதப்பது இயற்கைக்கு ஒவ்வாது. பத்தொன்பதாம் நூற்றாண்டில் தென்னிந்திய நாணயங்களை ஆராய்ந்த வால்டர் எலியட், கழஞ்சு என்பதைக் காயின் எடையாகக் கொண்டு ஏறக்குறைய 50 கிரெயின், அதாவது 3.2 கிராம் என மதிப்பிட்டார். இது பருத்த காய்க்குப் பொருந்தக்கூடியது. எனவே ஆதியில் ஒரு காயின் எடையாகவே தொடங்கிய கழஞ்சு, பிற்பாடு இருபது மஞ்சாடி என்னும் வாய்பாட்டுக்குள் வந்தபோது தன் காயை விட்டு விலகிவிட்டது என்றும், சோழர் காலத்துக்குள் அது விதையாக இல்லாமல் கல்லாகவும் கணக்காகவும் ஆகிவிட்டது என்றும் கொள்வதே பொருத்தமாகத் தோன்றுகிறது. ஆடவல்லான் என்று கல்லுக்குப் பெயரிட வேண்டிய அவசியமும் அதனால்தான் நேர்ந்திருக்கும். விதையே அளவையாக இருந்தவரையில் அதற்குச் சாட்சியாக ஓர் இறைவன் வேண்டியதில்லை. இது என் ஊகம். ஆயினும் தராசு சொன்ன ஊகம்.

சிறிய குன்றி மட்டும் கடைசிவரை விதையாகவே பட்டறையில் தங்கிவிட்டது. 1958 அக்டோபரில் மெட்ரிக் எடைகள் நம் நாட்டில் நடைமுறைக்கு வரத் தொடங்கிய பின்னரும், வீட்டில் குந்துமணித் தங்கம்கூட இல்லை என்று பெண்கள் வருந்திச் சொல்வது நிற்கவில்லை. அந்த மணியினுள் அப்ரின் என்னும் கொடிய நஞ்சு இருப்பதும், 1891-இல் பால் எர்லிக் என்னும் ஜெர்மானிய மருத்துவ ஆராய்ச்சியாளர் அதைச் சுண்டெலிகளுக்குச் சிறிது சிறிதாகக் கொடுத்து எதிர்ப்பாற்றலின் இயல்பைக் கண்டறிந்ததும் வேறொரு பெருங்கதை. அதை இங்கே விரிக்க இடமில்லை.

கழற்சிக்காய் மிதக்கும் என்றேனல்லவா? அந்த ஒரு குணத்தால் அது உலகத்தைச் சுற்றி வந்திருக்கிறது. உள்ளே பருப்புகளுக்கு நடுவில் காற்று தங்கும் இடம். வெளியே நீர் புகாத தோல். இவ்விரண்டும் இருப்பதால் கடலில் விழுந்த காய் ஆண்டுக்கணக்கில் உயிரோடு மிதக்க வல்லது. கடலூர் தேவனாம்பட்டினத்துக் கரையில், அடும்புக்கொடியும் இராவணன் மீசையும் மணலைப் பிடித்துக்கொண்டிருக்கும் இடத்தில், வடகிழக்குப் பருவமழைக்குப் பின் அலை ஒதுக்கிய சருகுகளைக் கிளறினால் சிற்சில வேளைகளில் இந்தச் சாம்பல் காய் கையில் அகப்படும். அது கெடில ஆற்றின் கரையிலிருந்து வந்ததோ, வங்கக் கடலின் மறுகரையிலிருந்து வந்ததோ, யார் கண்டது! ஸ்காட்லாந்துக்கு வடக்கே உள்ள ஆர்க்னித் தீவுகளில் ஒதுங்கிய விசித்திரமான நால்வகை விதைகளைப் பற்றி ஹான்ஸ் ஸ்லோன் 1696-இல் இலண்டன் ராயல் சொசைட்டியின் சஞ்சிகையில் எழுதினார்; அவற்றில் ஒன்று, அவர் ஜமைக்காவில் நேரே கண்டிருந்த இந்தக் கொடியின் விதை. ஸ்காட்லாந்தின் மேற்குத் தீவுகளைப் பற்றி 1703-இல் நூல் வெளியிட்ட மார்ட்டின் மார்ட்டின், மொலுக்கா விதை என்று அங்கே வழங்கிய கடல் விதைகளில் வெண்ணிறமானவற்றைக் கண்ணேறு கழியப் பிள்ளைகளின் கழுத்தில் கட்டினார்கள் என்று குறித்திருக்கிறார். அயர்லாந்தின் மேற்குக் கரையில் ஒதுங்கிய ஒரு விதை முளைக்க வைக்கப்பட்டு, வளர்ந்த செடி கழற்சியே என்று அறியப்பட்ட செய்தியைத் தாவரவியலறிஞர் ராபர்ட் பிரவுன் 1818-இல் பதிவு செய்தார். பெருங்கடலைக் கடந்த பின்னும் விதை சாகவில்லை என்பதற்குக் கிடைத்த பழைய சாட்சிகளுள் அது ஒன்று.

லின்னேயஸ் 1753-இல் இதற்கு இட்ட பெயர் கில்லாண்டினா போண்டக். போண்டக் என்பது கொட்டையைக் குறிக்கும் புந்துக் என்னும் அரபுச் சொல்லின் திரிபு. சோழமண்டலக் கரையின் தாவரங்களைச் சித்திரங்களோடு வெளியிட்ட ராக்ஸ்பர்க் இதைச் சிசால்பினியா என்னும் இனத்தில் சேர்த்தார். நூற்றைம்பது ஆண்டுகளுக்கு மேல் அப்பெயரே வழங்கிற்று. 2016-இல் நடந்த மரபணு ஆராய்ச்சி மறுபடியும் லின்னேயஸின் இனப்பெயரையே நிலைநாட்டியது. மருத்துவத்திலோ இது மிகவும் பிரசித்தமானது: பருப்பு கடுங்கசப்பு, மிளகோடு சேர்த்துக் காய்ச்சலுக்கும், விரை வீக்கத்துக்கும் சித்த வைத்தியர்கள் கொடுத்து வந்தனர். 1868-இல் வெளியான இந்திய பார்மகோபியா முறைக்காய்ச்சலுக்குரிய மருந்துகளில் ஒன்றாக இதை ஏற்றுக்கொண்டது. இப்போது பெண்களின் கருப்பைக் கோளாறுகளுக்காகக் கழற்சிச் சூரணம் நாட்டு மருந்துக் கடைகளில் நிறைய விலைபோகிறது. வைத்தியரைக் கேளாமல், அதிலும் கருவுற்றிருக்கும் சமயத்தில், உண்ணத்தக்கதன்று.

கடையில் பொடியாகக் கிடைக்கும் வஸ்து வேலியில் கொடியாகக் கிடைக்கவில்லை என்பதே நான் சொல்லவந்த துயரம். உலக அளவில் கழற்சி அழியும் நிலையில் உள்ள தாவரமன்று. வெப்பமண்டலக் கடற்கரை எங்கும் அது உண்டு. அருகிப்போனது நம் கண்ணெதிரில் இருந்த கொடி. ஆடு மாடு புகாத உயிர்வேலியாகக் கிளுவையும் கள்ளியும் நின்ற இடங்களில் கழற்சி தானே வந்து படர்ந்து, வேலியின் ஓட்டைகளை அடைத்துக் கொடுத்தது. கிளுவை வெட்டப்பட்டுச் சிமெண்டுக் கால்களும் முட்கம்பியும் வந்தபின், ஏறுவதற்கு இடமில்லாத கொடி என்ன செய்யும்? பல நூற்றாண்டுகள் மனிதன் போட்ட வேலியையே தன் காடாகக் கொண்டிருந்த செடி அது. வேலியின் பழக்கம் மாறியதும் அதற்கு வீடு போயிற்று. 2004 டிசம்பர் 26-இல் வந்த ஆழிப்பேரலையும், 2011 டிசம்பர் 30-இல் கரை கடந்த தானே புயலும் கடலூர்க் கரையோரத்தை உலுக்கின. ஆனால் புயல் முறித்த புதர் மறுமழையில் தழைக்கும், மனிதன் வேரோடு பெயர்த்தது தழைப்பதில்லை.

எஞ்சியிருப்பவை கோயிற்காடுகள். கெடிலக் கரையில் உள்ள திருமாணிக்குழியிலும், குழந்தைக்குப்பத்திலும் எஞ்சி நிற்கும் உலர் பசுமைமாறாக் காடுகளைப் புதுச்சேரிப் பல்கலைக்கழகத்து ந. பார்த்தசாரதியும் அவருடன் ஆராய்ந்தவரும் 1997-இல் அளந்து எழுதினார்கள். சோழமண்டலக் கரைக்கே உரிய இவ்வகைக் காடுகளில் மரங்களுக்குச் சமமாகக் கொடிகளும் செறிந்திருப்பதை அந்த ஆராய்ச்சி வரிசை உலகுக்கு எடுத்துக்காட்டியது. இக்காடுகளுக்குள் நண்பகலிலும் மங்கிய ஒளிதான்; தலைக்கு மேலே கொடிகள் ஒரு மரத்திலிருந்து மறுமரத்துக்குத் தாவிக் கூரை வேய்ந்திருக்கும். உள்ளே நிழலில் கழற்சிக்கு அவ்வளவு நாட்டமில்லை. வெயில் விழும் காட்டோரமே அதற்கு இடம். காட்டுக்கும் வயலுக்கும் நடுவே உள்ள அந்த ஓரந்தான், பாதை அகலப்படுத்தும்போதும் கோயிலுக்கு மதில் எழுப்பும்போதும் முதலில் பறிபோகிறது. காட்டைக் காப்பாற்றுவோரும் அதன் நடுவைக் காப்பாற்றுகிறார்கள். ஓரத்தைச் சுத்தம் செய்துவிடுகிறார்கள்.

பத்தரிடம் நிறுத்த காய்களில் ஆறை நான் வீட்டுக்கு எடுத்து வந்தேன். அப்படியே மண்ணில் புதைத்த மூன்று, இரண்டு மழைக்காலம் கழிந்தும் கல்லைப் போலக் கிடந்தன. தோண்டிப் பார்த்தபோது பளபளப்புக்கூடக் குறையவில்லை. அப்போதுதான் பிள்ளைப் பருவத்து விளையாட்டு ஒன்று நினைவுக்கு வந்தது. கழற்சிக்காயைத் திண்ணையின் கரடுமுரடான தரையில் விடாமல் உரசி, சூடேறியதும் பக்கத்துப் பையனின் கையில் வைத்து அலற வைப்போம். சாம்பல் தோல் தேய்ந்து ஓரிடத்தில் உள்நிறம் தெரிய ஆரம்பித்தால், அந்தக் காயைத் தூக்கி வேலிப் பக்கம் எறிந்துவிடுவோம். நீர் புகாத தோலில் நீர் புகுவதற்கு வேண்டியது அந்தத் தேய்வுதான். மீதி மூன்று காய்களையும் துவைக்கிற கல்லில் அவ்வாறே உரசி, ஓர் இரவு தண்ணீரில் போட்டு வைத்தேன்; காலையில் இரண்டு ஊறிப் பருத்திருந்தன. கிளுவைப் போத்துகள் நட்ட கொல்லை மூலையில் அவற்றை ஊன்றினேன். பத்தாம் நாள் ஒன்று மண்ணைப் பிளந்துகொண்டு எழுந்தது. சில வாரங்களில் அதன் இளங்காம்பில் முதல் கொக்கி முள், இன்னும் பச்சையாக, நகம்பட்டாலே வளைகிற மென்மையோடு, கீழ்நோக்கித் திரும்பியிருந்தது.